பேருந்து, பாதாள அறை, சவப்பெட்டிக் கடை: துஷான் கோவாச்செவிச்சின் ஊர்களில்

புதன், பெல்கிரேட்

செர்பிய சினிமா என்றதும் நம் ஆட்கள் பலருக்கும் உடனே நாக்கில் வரும் பெயர் எமிர் குஸ்துரிட்சா. 1995இல் கான் விழாவில் தங்கப் பனை வாங்கிய 'அண்டர்கிரவுண்ட்' படத்தைத் திரைப்பட விழாக்களில் முண்டியடித்துப் பார்த்தவர்கள் நம்மிடையே நிறைய. நானும் அந்தக் கூட்டம்தான். வியன்னாவுக்கு வேலைக்கு வந்த பிறகு, பக்கத்து மேசை செர்பிய நண்பரிடம் ஆர்வமாக அந்தப் படத்தைப் பற்றிப் பேசினேன். அவர் சிரித்துவிட்டு, "படம் அவருடையது, சரி. கதை யாருடையது?" என்று கேட்டார். அப்படித்தான் துஷான் கோவாச்செவிச் எனக்கு அறிமுகம்.

அதற்கப்புறம் கவனித்தால், அலுவலகத்தில் இருக்கும் செர்பியர்கள் எல்லாருமே அவர் எழுதிய வசனங்களில்தான் பாதிப் பேச்சை ஓட்டுகிறார்கள். யாராவது எதற்கெடுத்தாலும் சந்தேகப்பட்டால் அவருக்கு 'இலியா ச்வோரோவிச்' என்று பெயர் வைத்துவிடுகிறார்கள். பேருந்து தாமதமானால் ஒரு வசனம், சாவு வீட்டுக்குப் போய் வந்தால் இன்னொரு வசனம். இயக்குநர்களைக் கொண்டாடும் உலகத்தில் ஒரு திரைக்கதை ஆசிரியருக்கு இவ்வளவு செல்வாக்கு எப்படி வந்தது என்று பார்க்கத்தான் இந்தப் பயணம். ஷெங்கன் அனுமதி கையில் இருந்ததால் செர்பியாவுக்குத் தனி விசா எடுக்கும் அலைச்சல் இல்லை.

பெல்கிரேடில் நகரப் பேருந்து, டிராம் எதிலும் இப்போது டிக்கெட் கிடையாது. 2025 தொடக்கத்திலிருந்து எல்லாம் இலவசம். பையை அறையில் போட்டுவிட்டு நேராக ஸ்வெத்தோகோர்ஸ்கா தெருவுக்குப் போனேன். அதெல்யே 212 என்ற நாடக அரங்கு அங்கேதான் இருக்கிறது. 1956இல் ஒரு செய்தித்தாள் கட்டடத்தின் கூடத்தில் 212 நாற்காலிகளோடு தொடங்கிய குழு இது. பெயரில் இருக்கும் எண் அந்த நாற்காலிக் கணக்கு. சோஷலிச நாடுகளில் வேறெங்கும் ஐரிஷ் நாடகாசிரியர் பெக்கெட்டை மேடையேற்றத் துணியாத காலத்தில் அவருடைய 'கோடோவுக்காகக் காத்திருத்தல்' நாடகத்தைப் போட்டவர்கள்.

1973இல் இந்த அரங்குக்கு ஒரு இருபத்துநான்கு வயதுப் பையனின் நாடகம் வந்தது. 'மாராத்தன் வீரர்கள் வெற்றிச் சுற்று ஓடுகிறார்கள்' என்று விசித்திரமான தலைப்பு. விளையாட்டு வீரர்கள் யாரும் அதில் கிடையாது. பரம்பரை பரம்பரையாகச் சவ அடக்கத் தொழில் பார்க்கும் தொபாலோவிச் குடும்பத்தின் கதை. 150 வயதுப் பெரியவர் செத்துப்போகிறார். அவருக்குக் கீழே நூற்றிச்சொச்ச வயதுகளில் மகன், பேரன் என்று வரிசையாகக் கிழவர்கள், கடைசியில் ஒரே ஒரு இளைஞன். சொத்து யாருக்கு என்று உயிலைப் பிரித்தால், பெரியவர் எல்லாவற்றையும் தனக்கே எழுதி வைத்திருக்கிறார்! கல்லறைகளைத் தோண்டிச் சவப்பெட்டிகளைத் திருடி மறுபடி விற்கும் ஒரு ரவுடிக் கும்பல், அவர்களுக்கு இந்தக் குடும்பம் வைத்திருக்கும் கடன் பாக்கி, அதிலிருந்து வளரும் சண்டை. இருபத்துநான்கு வயதில் முதுமையைப் பற்றி இவ்வளவு கொடூரமாகச் சிரிக்க முடிந்த ஒருவர், நிச்சயம் கூட்டுக்குடும்பத்தில் வளர்ந்தவராகத்தான் இருப்பார் என்று எனக்குத் தோன்றியது.

அதே ஆண்டு, அதே அரங்கில் 'மூன்றாம் ராதோவான்'. அடுக்குமாடி வீட்டில் உட்கார்ந்துகொண்டு தொலைக்காட்சித் தொடர் நாயகன் ஜார்ஜுக்காக உருகும் ஒரு குடும்பத் தலைவன், கீழ்வீட்டுக்காரர்களோடு அவன் நடத்தும் தீராத போர், வருடக்கணக்கில் பிரசவமாகாமல் கர்ப்பமாகவே இருக்கும் மகள். ராதோவானாக நடித்தவர் ஸோரான் ராத்மிலோவிச். எழுதியதை அப்படியே சொல்லும் பழக்கம் அவருக்கு இல்லை. அன்றைய செய்தி, முன்வரிசையில் தாமதமாக வந்து உட்காரும் ஆள், யாரையும் விடாமல் இழுத்துக் கலாய்ப்பார். 1985இல் அவர் இறக்கும்வரை 299 முறை நடந்த நாடகம். ஒவ்வொரு முறையும் வேறு நீளம் என்கிறார்கள். தன் வரிகளை நடிகர் மேடையில் கலைத்துப்போடுவதை எழுத்தாளர் பொறுத்துக்கொண்டாரா? நான் அறிந்தவரை பொறுத்துக்கொண்டது மட்டுமல்ல, அதிலிருந்து கற்றுக்கொண்டார். பிற்காலத் திரைக்கதைகளில் வசனம் நடிகரின் வாய்க்கு அளவெடுத்துத் தைத்ததுபோல உட்காருவதற்கு இந்த மேடைதான் காரணம்.

இரவுச் சாப்பாடு செவாப்பி என்ற சுட்ட கொத்துக்கறி உருண்டையும் கைமாக்கும். கைமாக் என்பது பாலாடையைப் புளிக்கவைத்த ஒன்று, வெண்ணெய்க்கும் தயிருக்கும் நடுவில். செவாப்பி சூட்டில் அது உருகி ரொட்டியில் இறங்கும்போது நாட்டுப்பற்றே மாறிவிடும்.

வியாழன், ஸ்வெஸ்தாரா

புல்வார் வழியாக டிராமில் கிழக்கே போனால் மேட்டுப்பாங்கான குடியிருப்புப் பகுதி. அங்கே ஒரு பக்கத் தெருவில் ஸ்வெஸ்தாரா தியேட்டர், 1984இல் தொடங்கியது. கோவாச்செவிச் இதன் இயக்குநராக 1998இல் பொறுப்பேற்றார். நான் போன அன்று அவருடைய நாடகம் இல்லை. கூடத்தில் தொங்கிய சுவரொட்டிகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். காவலாளி அம்மா நான் எங்கிருந்து வருகிறேன் என்று கேட்டுவிட்டு, "இந்தியாவிலிருந்து துஷ்கோவைப் பார்க்கவா?" என்று இன்னொருவரைக் கூப்பிட்டுச் சொன்னார். இங்கே எல்லாருக்கும் அவர் துஷ்கோதான். அவரைப் பார்க்க வரவில்லை, அவர் எழுதியதைப் பார்க்க வந்தேன் என்று விளக்குவதற்குள் காபி வந்துவிட்டது.

இந்த மேடையில் 1990இல் அவரே இயக்கிய 'தொழில்முறையாளர்' நாடகம் எனக்கு மிகவும் பிடித்தது. ஒரு பதிப்பகத் தலைமை ஆசிரியரின் அறை. ஆட்சி மாறிப் பதவிக்கு வந்தவர், முன்னாள் கலகக்காரர். கையில் பெட்டியோடு வயதான ஒருவர் உள்ளே நுழைகிறார். ஓய்வுபெற்ற ரகசியப் போலீஸ்காரர். பல வருடம் இந்த எழுத்தாளரைப் பின்தொடர்ந்ததே அவர் உத்தியோகம். பெட்டியைத் திறந்தால், எழுத்தாளர் மதுக்கடைகளில் உளறியது, நண்பர்களிடம் புலம்பியது, கூட்டங்களில் முழங்கியது எல்லாம் ஒட்டுக்கேட்டுத் தட்டச்சு செய்யப்பட்டுப் புத்தகங்களாகக் கட்டப்பட்டிருக்கின்றன. அவர் அங்கங்கே மறந்துவிட்டுப் போன குடை, கையுறை போன்ற பொருள்களும் பத்திரமாக இருக்கின்றன. எழுதாமலே வீணாகப் போனதாக நினைத்த ஒருவனுடைய படைப்புகளை, அவனை ஒழிக்கப் பார்த்தவன்தான் காப்பாற்றி வைத்திருக்கிறான்.

இதில் போலீஸ்காரராக மேடையில் வாழ்ந்தவர் பாத்தா ஸ்தோய்கோவிச். கோவாச்செவிச் எழுதிய பெரிய பாத்திரங்கள் ஒன்றன்பின் ஒன்றாக இவர் கைக்குத்தான் போயின. 2002இல் இவர் இறந்துவிட்டார். அடுத்த வருடம் இதே கதையைக் கோவாச்செவிச் தானே படமாக இயக்கியபோது போரா தொதோரோவிச் நடித்தார். படம் நல்ல படம். ஆனால் தொண்ணூறுகளில் செர்பியாவை ஆண்ட மிலோஷெவிச்சின் ஆட்சி, தெருப் போராட்டங்கள் என்று கதையை வெளியே அழைத்துப் போய்க் காட்டிவிட்டார்கள். இரண்டு பேர், ஒரு அறை, ஒரு பெட்டி. மூடிய கதவுதான் இந்தக் கதையின் பலம் என்பது என் கட்சி.

கதவை மூடுவதுதான் அவருடைய கைவரிசை என்றே சொல்லலாம். மனிதர்களை ஓரிடத்தில் அடைத்துவிடுவார். வெளியுலகத்தைப் பற்றி அவர்களுக்கு ஒரு தவறான நம்பிக்கையைக் கொடுத்துவிடுவார். பிறகு கையைக் கட்டிக்கொண்டு நிற்பார். மீதியை அவர்களே செய்துகொள்வார்கள். 'பால்கன் ஒற்றன்' இதற்குச் சுத்தமான உதாரணம். இலியா ச்வோரோவிச் ஒரு காலத்தில் ஸ்டாலின் பக்தர். 1948இல் யுகோஸ்லாவியத் தலைவர் டிட்டோ ஸ்டாலினோடு முறித்துக்கொண்டபோது இப்படிப்பட்டவர்களைக் கோலி ஓத்தோக் என்ற மொட்டைத் தீவுச் சிறைக்கு அனுப்பினார்கள். இலியாவும் உள்ளே இருந்துவிட்டு வந்தவர். வருடங்கள் கழித்து ஒருநாள் போலீசிலிருந்து கூப்பிட்டு, வீட்டில் குடியிருப்பவரைப் பற்றிச் சும்மா இரண்டு கேள்வி கேட்டு அனுப்பிவிடுகிறார்கள். அந்தக் குடித்தனக்காரர் பாரிசிலிருந்து திரும்பிய ஒரு தையற்காரர். போதாதா? அவர் ஒற்றன்தான் என்று இலியா முடிவு கட்டுகிறார். பின்தொடர்கிறார், படம் எடுக்கிறார், குறிப்பேடு போடுகிறார், தன் சகோதரனைச் சேர்த்துக்கொள்கிறார். போலீஸே வேண்டாம் என்றாலும் விடுவதில்லை. கடைசியில் அந்த மனிதரைக் கட்டிவைத்து விசாரிக்கிறார். சிரித்துக்கொண்டே போய் ஓரிடத்தில் சிரிப்பு நின்றுவிடும்.

நாடகம் 1983இல் வந்தது, படம் 1984இல். கோலி ஓத்தோக் பற்றிப் பேசுவதே அதற்குச் சில வருடங்கள் முன்புவரை ஆபத்து. படத்தை ஒளிப்பதிவாளர் போஷிதார் நிகோலிச்சோடு சேர்ந்து கோவாச்செவிச்சே இயக்கினார். மனைவி தானிட்சாவாக மிரா பான்யாட்ஸ். புருஷனின் பைத்தியத்தை நம்பாமல் தொடங்கி, மெல்ல மெல்லத் தானும் நம்பத் தொடங்கும் அந்த முகத்தை மறக்க முடியாது. பொதுவாக இவர் எழுத்தில் பெண்களுக்கு இடம் குறைவு. பலர் ஆண்களின் கூத்துக்குப் பின்னணியில் நிற்பவர்கள். தானிட்சா அதிலிருந்து தப்பியவர்.

வெள்ளி, ஷாபாட்ஸ்

பெல்கிரேடின் பேருந்து நிலையம் இப்போது நதிக்கு அப்பால் நியூ பெல்கிரேடுக்கு மாறிவிட்டது. காலையில் அங்கிருந்து மேற்கே ஷாபாட்ஸ். சாவா நதிக்கரை ஊர். இதற்குப் பக்கத்தில் இருக்கும் ம்ர்ஜெனோவாட்ஸ் என்ற கிராமத்தில் 1948 ஜூலை 12இல் பிறந்தவர் கோவாச்செவிச். பள்ளிப் படிப்பு நோவி சாத்தில், நாடகப் படிப்பு பெல்கிரேடில், 1973இல் பட்டம். பிறகு சில காலம் பெல்கிரேட் தொலைக்காட்சியில் நாடகப் பிரிவு வேலை, சின்னத் திரைக்கான கதைகள். அந்தக் காலத்துத் தொலைக்காட்சி எழுத்து இங்கே பலருக்கும் பயிற்சிக் களரி.

கிராமத்துக்கு ஒரு டாக்சி பேசிக்கொண்டேன். இரண்டு பக்கமும் மக்காச்சோளம், வீடுகளைச் சுற்றிப் பிளம் மரங்கள், வேலியோரம் அடுக்கிய விறகு. தட்டையான பூமி. மாச்வா என்கிறார்கள் இந்தப் பகுதியை. பணக்கார மண்ணும் பொல்லாத எல்லையும் சேர்ந்த இடம்: 1914இல் சாவாவுக்கு அந்தப் பக்கம் ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசு. அந்த ஆகஸ்டில் படை இந்தப் பக்கம் ஏறி வந்தது. தெற்கே தெரியும் ட்சேர் மலையில் செர்பியர்கள் அதைத் திருப்பி அடித்தார்கள். முதல் உலகப் போரில் நேச அணிக்குக் கிடைத்த முதல் வெற்றி அது. ஷாபாட்ஸ் மக்கள் கொடுத்த விலை அதிகம்.

இந்த நிலத்திலிருந்து வந்ததுதான் 'புனித ஜார்ஜ் டிராகனைக் கொல்கிறார்'. எண்பதுகளில் எழுதிய நாடகம், ஸ்ர்ஜான் த்ராகோயெவிச் இயக்கத்தில் 2009இல் படமானது. பால்கன் போர்களில் கை கால் இழந்து திரும்பிய ஆண்கள் நிறைந்த ஒரு கிராமம். புதுப் போருக்கு உடம்பு நன்றாக இருப்பவர்களைக் கூப்பிட்டுக்கொள்கிறார்கள். போர்முனையில் இருப்பவர்களுக்கு ஒரு வதந்தி போய்ச் சேருகிறது: ஊரில் இருக்கும் முடவர்கள் உங்கள் பெண்டாட்டிகளை வளைக்கிறார்கள் என்று. படை கலைந்துவிடும் போல ஆகிறது. தீர்வு? முடவர்களையும் போர்முனைக்கு அனுப்பு! இதையும் கவனியுங்கள், வதந்திதான் கதையை ஓட்டுகிறது. வெளியே என்ன நடக்கிறது என்று உள்ளே இருப்பவர்களுக்குத் தெரியாது. இந்தக் கதையில் அகழியில் இருப்பவர்கள் அடைபட்டவர்கள், ஊர்தான் வெளியுலகம்.

படம் எனக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை. பெரிய செலவு, பெரிய போர்க்காட்சி, நிறைய மழை. நாடகப் பிரதியைப் படித்தபோது இருந்த கசப்பு, திரையில் சேற்றுக்குள் மாட்டிக்கொண்டது.

டாக்சிக்காரரிடம் கோவாச்செவிச் வீடு எது என்று கேட்டிருந்தால் காட்டியிருப்பார். நான் கேட்கவில்லை. அவர் தானாகவே, "எங்க ஊர்க்காரர் லிஸ்பனில் தூதராக இருந்தார், தெரியுமா?" என்றார். தெரியும், 2005இல் போர்ச்சுகலுக்குத் தூதராகப் போனார். சவப்பெட்டி வியாபாரிகளையும் உளவாளிகளையும் எழுதியவரைத் தூதராக அனுப்பிய அரசாங்கத்தின் நகைச்சுவை உணர்ச்சியைப் பாராட்டத்தான் வேண்டும்.

சனி, தெலிப்லாத்தோ மணல்வெளி

சனிக்கிழமையை வேண்டுமென்றே இதற்கு ஒதுக்கி வைத்திருந்தேன். கோவாச்செவிச் எழுதிய 'யார் அங்கே பாடுவது?' படத்தின் கதை தொடங்குவது 1941 ஏப்ரல் 5, சனிக்கிழமை.

பெல்கிரேடிலிருந்து பான்சேவோ, கோவின் வழியாகக் கிழக்கே போக வேண்டும். விடுதிக்காரரின் மைத்துனர் தன் பழைய காரில் கூட்டிப்போகச் சம்மதித்தார். ஐம்பது தாண்டியவர், லாரி ஓட்டிய ஆள். எந்தப் படத்துக்காக இந்தப் பயணம் என்று சொன்னதும் முகம் மலர்ந்துவிட்டது. பான்சேவோ எண்ணெய் ஆலைப் புகைபோக்கிகள் கண்ணில் படுமுன்பே படத்தின் முதல் பாதியை இரண்டு குரலில் நடித்துக் காட்டிவிட்டார். நடத்துநர் குரலுக்கு மட்டும் தொண்டையைக் கரகரப்பாக்கிக்கொள்வார்.

கதை இவ்வளவுதான்: கிராமத்திலிருந்து பெல்கிரேடுக்குப் போகும் ஒரு ஓட்டைப் பேருந்து. 'க்ர்ஸ்திச் அன்ட் சன்' கம்பெனி. அப்பா நடத்துநர், பாவ்லே வூயிசிச். கொஞ்சம் மந்தமான மகன் ஓட்டுநர். பயணிகளாக, படையில் இருக்கும் மகனைப் பார்க்கப் போகும், முதல் உலகப் போரில் சண்டையிட்ட பெரியவர், ஜெர்மானிய ஒழுங்கைப் புகழ்ந்து தள்ளும் மீசைக்காரர் (நம்ம பாத்தா ஸ்தோய்கோவிச்தான்), பாடகனாக வாய்ப்புத் தேடிப் போகும் ஒரு மைனர், காசநோய்க்காரர், தேனிலவுக்குப் போகும் புதுமணத் தம்பதி. துப்பாக்கியோடு வந்ததால் இறக்கிவிடப்பட்ட வேட்டைக்காரர் எப்படியோ திரும்பத் திரும்ப வந்து ஏறுவார். கூடவே இரண்டு ரோமா (ஜிப்சி) இசைக்கலைஞர்கள், ஒருவர் அக்கார்டியன், இன்னொருவர் மோர்சிங் மாதிரி ஒரு வாய்க்கருவி. அத்தியாயம் அத்தியாயமாக அவர்கள் நேராக நம்மைப் பார்த்துப் பாடுகிறார்கள். பின்னால் பன்றிகளும் வருகின்றன, அவற்றுக்கு அப்பா காட்டும் மரியாதை பயணிகளுக்குக் கிடையாது. வழியில் ஒரு விவசாயி சாலையையே உழுதுபோட்டிருக்கிறார். ஓட்டுநர் மகன் பந்தயத்துக்காகக் கண்ணைக் கட்டிக்கொண்டு ஓட்டுகிறான். பெல்கிரேடை நெருங்கும்போது ஒருவரின் பர்ஸைக் காணோம். எல்லாரும் சேர்ந்து அந்த ரோமாக்களைப் போட்டு அடிக்கிறார்கள். அந்த நேரத்தில் வானத்திலிருந்து குண்டு விழுகிறது. 1941 ஏப்ரல் 6, ஞாயிறு காலை. பாட்டுக்காரர்கள் மட்டும் பிழைக்கிறார்கள்.

முதலில் தொலைக்காட்சிக்கான ஒரு மணி நேரத்துக்கும் குறைந்த படமாகத்தான் இதை எழுதினார். வேறொரு இயக்குநர் செய்வதாக இருந்தது, நடக்கவில்லை. கடைசியில் ஸ்லோபோதான் ஷியான் கைக்கு வந்தது. அவருக்கு இது முதல் திரைப்படம். 1980 வசந்தத்தில் சுமார் மூன்று வாரத்தில் எடுத்து முடித்தார்கள். 1996இல் யுகோஸ்லாவியத் திரைப்பட அகாடமிக் குழு, 1947 முதல் 1995 வரை வந்த செர்பியப் படங்களில் இதுவே சிறந்தது என்று தேர்ந்தெடுத்தது. இதே கதை இப்போது பெல்கிரேட் தேசிய அரங்கில் பாலே நடனமாகவும் நடக்கிறது. பாத்தா ஸ்தோய்கோவிச்சின் மீசைக்காரரை ஒருவர் கால் நுனியில் நின்று ஆடுவதை நினைத்துப் பார்க்கவே முடியவில்லை.

சரி, மணல்வெளி. ஐரோப்பாவின் சஹாரா என்று விளம்பரம் செய்கிறார்கள். நேரில் பார்த்தால் புல். ஏறத்தாழ 300 சதுர கிலோமீட்டர் மணல் மேடுகள் இருப்பது உண்மைதான். ஆனால் காற்று மணலை வயல்களுக்குள் அடித்துக்கொண்டு போகிறது என்று 1818 வாக்கில் மரம் நடத் தொடங்கிவிட்டார்கள். இன்று பெரும் பகுதி வேல மரம் போலத் தெரியும் ரொபீனியா மரக் காடு, பைன், நடுவில் புல்வெளி. தெலிப்லாத்தோ ஊரைத் தாண்டி மண் பாதையில் கொஞ்ச தூரம் போய்க் காரை நிறுத்தினோம். இறங்கிக் காலால் புல்லைக் கிளறினேன். இரண்டு விரற்கடை ஆழத்தில் மணல், மஞ்சள் கலந்த சாம்பல் நிறம், மாவு மாதிரி மெல்லியது. பக்கத்தில் ஒரு வளை. தரை அணில் இனம் ஒன்று இங்கே இருக்கிறது. வளைவாயில் அது தள்ளிப்போட்ட மணல் குவியலாகக் கிடந்தது. மேலே காய்ந்து, உள்ளே ஈரமாக.

எந்தப் பக்கம் திரும்பினாலும் ஒரே தொடுவானம், ஒரு கம்பம்கூட இல்லை. இங்கே ஏன் எடுத்தார்கள் என்று அப்போது புரிந்தது. பேருந்து எங்கிருந்து வருகிறது, எவ்வளவு தூரம் வந்தது, எதுவும் தெரியாது. திறந்த வெளிதான், ஆனால் உள்ளே இருப்பவர்களுக்கு அந்தத் தகரப் பெட்டியை விட்டால் போக்கிடம் இல்லை. கோவாச்செவிச் எழுதிய மூடிய அறையை ஷியான் வெட்டவெளியில் கட்டியிருக்கிறார். என் ஓட்டுநர் அண்ணன் இதையெல்லாம் கேட்டுக்கொள்ளவில்லை. காரைச் சுற்றி ஒரு நடை நடந்துவிட்டு, நடத்துநர் குரலில் "டிக்கெட்!" என்று கையை நீட்டினார்.

இரவு அவர் வீட்டில் சாப்பாடு. தொலைக்காட்சியில் 'நல்ல வாழ்க்கை' தொடரின் மறுஒளிபரப்பு ஓடிக்கொண்டிருந்தது. எண்பதுகளின் கடைசியில் நாட்டையே வீட்டுக்குள் உட்கார வைத்த தொடர். எழுதியவர் சினிஷா பாவிச், மனைவி லிலியானாவோடு சேர்ந்து. பாவிச் நீதிபதியாக வேலை பார்த்தவர். சொத்துத் தகராறையும் பதவி உயர்வு ஏக்கத்தையும் அவரைப் போல எழுத ஆளில்லை. அந்த வீட்டு அம்மாவுக்குப் பாவிச்தான் பெரிய எழுத்தாளர். "துஷ்கோ படத்தில் எல்லாரும் செத்துப்போகிறார்கள்" என்றார். மறுப்பதற்கு என்னிடம் எதுவுமில்லை.

ஞாயிறு, மறுபடி பெல்கிரேட்

கொசாஞ்சிச்செவ் வெனாட்ஸ் பழைய தெரு, கருங்கல் பாவியது. அங்கே வேலி போட்ட ஒரு வெற்றிடம் இருக்கிறது, உள்ளே இடிந்த அடித்தளமும் புதரும். தேசிய நூலகம் இருந்த இடம். அந்த ஏப்ரல் 6 குண்டுவீச்சில் எரிந்தது. ஏறக்குறைய 3,50,000 நூல்கள், 1,400க்கும் மேற்பட்ட பழைய கையெழுத்துப் பிரதிகள், எல்லாம் சாம்பல். அதன்மேல் எதையும் கட்டாமல் விட்டு வைத்திருக்கிறார்கள்.

அங்கிருந்து நடந்துபோனால் கலேமெக்தான் கோட்டை, அதன் மதிலை ஒட்டி விலங்குக் காட்சிசாலை. 1936இல் திறந்தது. அதே நாள் குண்டுவீச்சில் கூண்டுகள் உடைந்து விலங்குகள் தெருவுக்கு வந்தன. பேருந்துப் படத்துக்குக் கோவாச்செவிச் எழுதிய முடிவு இதுதான்: இடிந்த நகரத்தில் விலங்குகள் நடமாட, பிழைத்த இருவரும் பாடிக்கொண்டே போக வேண்டும். எடுக்க முடியாமல் போய்விட்டது. 1980 மே 4இல் டிட்டோ இறந்து நாடே நின்றுபோன நேரம் அது. ஆனால் நல்ல காட்சியைக் கோவாச்செவிச் தூக்கிப் போடுகிறவரா? பதினைந்து வருடம் கழித்து அதுவே 'அண்டர்கிரவுண்ட்' படத்தின் தொடக்கமாக வந்தது. காட்சிசாலைப் பராமரிப்பாளன் சிம்பன்சிக் குட்டியைத் தூக்கிக்கொண்டு இடிபாடுகளில் அழுதுகொண்டே ஓடுகிறானே, அந்த இடம். ஓடுபவர் ஸ்லாவ்கோ ஷ்திமாட்ஸ். பேருந்தில் புதுமாப்பிள்ளையாக வந்த அதே நடிகர்!

அந்தக் குண்டுவீச்சைப் பார்த்த ஒருவர் இன்னும் இங்கே இருக்கிறார்: மூயா என்ற முதலை, அமெரிக்க அலிகேட்டர் இனம். 1937இல் ஜெர்மனியிலிருந்து வந்தது, அப்போதே வளர்ந்த விலங்கு. 1941 ஜெர்மன் குண்டு, 1944 நேசப்படைக் குண்டு, 1999 நேட்டோ குண்டு, எல்லாவற்றையும் பார்த்தாகிவிட்டது. முன்னங்கால் ஒன்றின் நுனி சில வருடங்களுக்கு முன் அழுகிப்போய் அறுவை செய்து நீக்கியிருக்கிறார்கள். நான் நின்ற நேரம் முழுக்க அசையவில்லை. ஒரு குட்டிப்பெண் "பொம்மையா?" என்று அப்பாவிடம் கேட்டாள். அப்பாவும் சந்தேகமாகத்தான் பார்த்தார்.

திங்கள், திரைப்படக் காப்பகம்

ஊசுன் மிர்கோவா தெருவில் யுகோஸ்லாவியத் திரைப்படக் காப்பகம். நாடு போய்விட்டது, பெயர் இருக்கிறது. பேருந்துப் படத்தைச் சுத்தம் செய்து டிஜிட்டலில் மீட்டெடுத்தது இவர்கள்தான்.

இங்கே உட்கார்ந்து 'அண்டர்கிரவுண்ட்' பற்றி எழுதுவதுதான் பொருத்தம். அதன் மூலம் 1977இல் கோவாச்செவிச் எழுதிய 'ஜனவரியில் வசந்தம்' நாடகம். போர் முடிந்ததைச் சொல்லாமல் ஆட்களைப் பாதாள அறையில் அடைத்து வைத்து ஆயுதம் செய்யச் சொல்லி, மேலே ஒருவன் பதவியும் புகழுமாக வாழ்கிறான். படத்தில் எனக்குப் பிடித்த விஷயம் கடிகாரம். தினமும் ஆறு மணி நேரத்தைத் திருடிவிடுகிறார்கள். இருபது வருடம் கழிந்திருக்கும், உள்ளே இருப்பவர்கள் பதினைந்து என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். ஒரு ஆட்சி மக்களிடமிருந்து எதை எடுத்துக்கொள்கிறது என்பதற்கு இதைவிடச் சிக்கனமாக ஒரு காட்சியை யாரும் எழுதியதில்லை. இது இயக்குநரின் வாத்தியக் கோஷ்டியிலிருந்து வந்திருக்காது, எழுதும் மேசையிலிருந்து வந்ததாகத்தான் இருக்கும். திரைக்கதையில் இருவர் பெயரும் இருக்கிறது, ஆனால் என் சந்தேகம் என்னோடு.

கான் பரிசு வந்த கையோடு பாரிசில் சண்டையும் வந்தது. போஸ்னியாவில் போர் நடந்துகொண்டிருந்த வருடம். பிரெஞ்சுச் சிந்தனையாளர் அலென் ஃபின்கியெல்க்ரோ படத்தைப் பார்க்காமலே இது செர்பியப் பிரச்சாரம் என்று 'லெ மோந்த்' நாளிதழில் எழுதினார். குஸ்துரிட்சா சினிமாவையே விடுவதாக அறிவித்தார், பிறகு விடவில்லை. படம் பார்க்காதவர் எழுதியதை ஒதுக்கிவிடலாம். பார்த்தவர்களுக்கும் கடைசி ஒரு மணி நேரம் நெருடத்தான் செய்யும். எல்லாரும் சமமாகக் குடித்து, சமமாகக் கத்தி, சமமாகச் செத்தால் யார் எதைச் செய்தார்கள் என்பது மறைந்துவிடுகிறது. இலியா ச்வோரோவிச்சிடம் இந்தக் குழப்பம் இல்லை. அங்கே கட்டியவன் யார், கட்டுப்பட்டவன் யார் என்று தெளிவாகத் தெரியும். அதனால்தான் எனக்கு அந்தச் சின்னப் படம் ஒரு படி மேலே.

பார்க்க நினைப்பவர்களுக்கு என் வரிசை: முதலில் பேருந்து, 86 நிமிடம்தான். அடுத்து 'பால்கன் ஒற்றன்'. பிறகு 1982இல் ஷியான் இயக்கிய 'மாராத்தன்'. அதில் பேசும் படம் வந்ததும் ஊமைப்படத்துக்குப் பியானோ வாசித்த பெண்ணுக்கு வேலை போகும் இடத்தைத் தவறவிடாதீர்கள். 'தொழில்முறையாளர்' கிடைத்தால் நாடகப் பிரதி. 'அண்டர்கிரவுண்ட்' கடைசியில், அதுவும் முடிந்தால் 'ஒரு காலத்தில் ஒரு நாடு இருந்தது' என்று செர்பியத் தொலைக்காட்சிக்காக வெட்டிய ஆறு பாக வடிவம். ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடும். திரையரங்க வடிவத்தில் கத்திக்கொண்டே போகும் பாத்திரங்களுக்கு அதில் உட்கார்ந்து பேச நேரம் கிடைக்கிறது, கோவாச்செவிச் எழுதியது காதில் விழுகிறது.